சேவற்கொடியோன் பக்தர்களே, சேவல் எங்கே?



நம்ம வீட்டுப் பூஜை அறையில் இருக்கிற எந்த முருகன் படத்தையும் எடுத்துப் பாருங்க. வேல் இருக்கும், மயில் இருக்கும், கூடவே ஒரு சேவலும் இருக்கும். சில படத்தில் கொடியில் இருக்கும், சில படத்தில் காலடியில் நிற்கும். வேலைப் பற்றி நாம நிறைய பேசுறோம். மயிலைப் பற்றியும் பேசுறோம், ஸ்டேட்டஸ் வைக்கிறோம். சேவலைப் பற்றித்தான் அதிகம் பேசுவதில்லை. அதனால் இன்னைக்கு சேவலைப் பற்றி எழுதுறேன். கொடியில் இருக்கும் சேவலைப் பற்றியும், நம்ம ஊர்ப் பண்ணைகளில் இருக்கும் (சரியாகச் சொன்னால், இல்லாமல் போகும்) சேவலைப் பற்றியும்.

ஒன்றை முதலிலேயே சொல்லிடுறேன். இது "அசைவத்தை விடுங்க" என்று சொல்கிற பதிவு இல்லை. இதைப் படிக்கிறவங்களில் பலர் செவ்வாய், கிருத்திகை, சஷ்டி என்று விரதம் இருந்துட்டு, மற்ற நாளில் சாப்பிடுறவங்கதான். நானும் அப்படித்தான். விரத நாளில் தட்டில் என்ன இருக்கு என்று கவனமாகப் பார்க்கிறோம். அந்தத் தட்டுக்கு வந்து சேர்ந்த உயிர் எப்படி வாழ்ந்தது, அதை வளர்த்த மனுஷன் எப்படி இருக்கான் என்று பார்க்க வேண்டிய கடமை நமக்கு இருக்கா, இல்லையா? இதுதான் என் கேள்வி.

சேவல் கொடிக்கு வந்த கதை

கந்தபுராணக் கதை உங்களுக்குத் தெரியும். கடைசிப் போரில் சூரபத்மன் கடலுக்கு நடுவே மாமரமாக நிற்கிறான். வேல் அந்த மரத்தை இரண்டாகப் பிளக்கிறது. ஒரு பாதி மயிலாகவும் மறு பாதி சேவலாகவும் மாறி, அப்பவும் கோபம் தீராமல் முருகனை எதிர்த்து வருகிறது. முருகன் அருளோடு பார்க்கிறார். அந்தப் பார்வையில் பகை அடங்குகிறது. மயில் வாகனமாகிறது, சேவல் கொடியாகிறது.

சின்ன வயசில் இந்தக் கதையைக் கேட்டப்போ எனக்கு வேல்தான் பெரிசாகத் தெரிந்தது. இப்போ அதற்கு அப்புறம் நடந்ததுதான் பெரிசாகத் தெரியுது. தேவர்களைச் சிறை வைத்தவன், கடைசி நிமிஷம் வரை சண்டைக்கு நின்றவன், அவனுக்கே முருகன் ஒரு இடம் கொடுக்கிறார். அதுவும் ஓரமாக இல்லை, தன் தலைக்கு மேலே பறக்கும் கொடியில். சேவலாக மாறியவன் சேவலாகவே இருக்கலாம், கூவலாம், விடியலைச் சொல்லலாம். அதன் இயல்பை அவர் பறிக்கவில்லை. அந்த இயல்பையே தன் சேவையாக ஏற்றுக்கொண்டார்.

எதிரிக்கே இடம் கொடுத்த சாமியைக் கும்பிடுகிற நாம், நமக்கு ஒரு கெடுதலும் செய்யாத அதே பறவைக்கு எவ்வளவு இடம் கொடுத்திருக்கோம்? இதை நான் உவமையாகக் கேட்கலை. சதுர சென்டிமீட்டரில்தான் கேட்கிறேன்.

சேவல் கூவாத பண்ணை

நாமக்கல் மாவட்டத்தை எடுத்துக்குவோம். திருச்செங்கோட்டு மலையில் செங்கோட்டு வேலவர், மோகனூரில் காந்தமலை முருகன், கபிலர்மலையில் பாலசுப்ரமணியர் என்று முருகன் நிறைந்த பூமி அது. அதே மாவட்டம்தான் இந்தியாவின் பெரிய முட்டை உற்பத்தி மையங்களில் ஒன்று. தினமும் கோடிக்கணக்கில் முட்டை அங்கிருந்து லாரி ஏறுகிறது. 2019-ல் எடுத்த கால்நடைக் கணக்கெடுப்புப்படி இந்தியா முழுவதும் சுமார் 85 கோடி கோழிகளும் மற்ற வளர்ப்புப் பறவைகளும் இருந்தன. அதில் 12 கோடிக்கு மேல் தமிழ்நாட்டில். மாநிலங்களில் நாமதான் முதலிடம்.

ஒரு லட்சம் கோழி இருக்கும் முட்டைப் பண்ணைக்கு விடியற்காலையில் போய் நில்லுங்க. கோழிகளின் கொக்கரிப்பு கேட்கும், தீவன வண்டிச் சத்தம் கேட்கும். சேவல் கூவும் சத்தம் மட்டும் கேட்காது. ஏன்னா அங்கே சேவலே கிடையாது. நாம சாப்பிடுகிற பண்ணை முட்டை சேவல் சேராமல் இடப்படுவது. அதனால் அங்கே சேவலுக்கு வேலை இல்லை.

அப்போ சேவல் எங்கே போச்சு? குஞ்சு பொரிப்பகத்தில் 21 நாள் கழித்து முட்டையிலிருந்து குஞ்சு வெளியே வரும். ஏறக்குறைய பாதி பெட்டை, பாதி சேவல். பெட்டைக் குஞ்சு பண்ணைக்குப் போகும். சேவல் குஞ்சு முட்டை போடாது. அது முட்டைக்காகவே உருவாக்கிய ரகம் என்பதால் கறிக்கோழி போலச் சீக்கிரம் எடையும் போடாது. அதற்குத் தீவனம் போட்டால் நஷ்டம். அதனால் பிறந்த அன்றைக்கே கொன்றுவிடுகிறார்கள். உலகம் முழுக்க இப்படி ஆண்டுக்கு 600 கோடியிலிருந்து 700 கோடி சேவல் குஞ்சுகள் கொல்லப்படுவதாக மதிப்பிடுகிறார்கள். இந்தத் தொழிலுக்குள் இருக்கிறவங்களுக்கு இது ரகசியமே இல்லை. நமக்குத்தான் தெரியாது.

தெரியாது என்றும் முழுசாகச் சொல்ல முடியாது. திருவிழாக் கடையில் பச்சை, ரோஸ், ஊதா என்று சாயம் பூசிய கோழிக்குஞ்சு விற்பாங்களே, பார்த்திருப்பீங்க. அதில் பெரும்பாலும் பொரிப்பகத்தில் கழித்துப் போட்ட சேவல் குஞ்சுகள்தான். தேர் பார்க்க வந்த குழந்தை ஆசைப்பட்டுக் கேட்கும், வாங்கிக் கொடுப்போம், இரண்டு மூன்று நாளில் அது செத்துப்போகும். சேவற்கொடியோன் தேரில் வருகிற அதே வீதியில், சாயம் பூசின சேவல் அட்டைப்பெட்டியில் கிடக்கு.

பிழைத்த பெட்டைக் கோழியின் கதை என்ன? கூண்டு முறையில் ஒரு கோழிக்குக் கிடைக்கும் இடம் ஒரு ஏ4 தாளை விடக் குறைவு. ஏ4 தாள் சுமார் 624 சதுர சென்டிமீட்டர். பல இந்தியக் கூண்டுகளில் ஒரு கோழிக்கு 450 சதுர சென்டிமீட்டர் அளவுதான். இறக்கையை விரிக்க முடியாது. கீழே சாய்வான கம்பி வலை, அதனால் தரையைக் கீற முடியாது, மண்ணில் புரள முடியாது. நெருக்கத்தில் ஒன்றையொன்று கொத்தும் என்பதால் அலகு நுனியை முன்கூட்டியே வெட்டிவிடுவாங்க. கோழிகளுக்கு மூதாதையான காட்டுக்கோழி ஆண்டுக்குப் பத்துப் பதினைந்து முட்டைதான் இடும். பண்ணைக் கோழி 300-க்கு மேல் இடுகிறது. ஒவ்வொரு ஓட்டுக்கும் சுமார் இரண்டு கிராம் கால்சியம் போகுது. தீவனத்தில் கிடைப்பது போதாதப்போ எலும்பிலிருந்து எடுக்குது. அதனால் எலும்பு பலவீனமாகி முறிவது இந்தக் கோழிகளில் சாதாரணம்.

சட்டம் இதை அனுமதிக்குதா? 1960-ம் ஆண்டு மிருகவதைத் தடுப்புச் சட்டத்தின் 11-வது பிரிவு, ஒரு விலங்கு நியாயமான அளவுக்குக்கூட அசைய முடியாதபடி கூண்டில் அடைப்பதைக் குற்றம் என்கிறது. இந்தக் கூண்டு முறை அந்தப் பிரிவை மீறுவதாக இந்திய விலங்குகள் நல வாரியம் 2012-ல் மாநிலங்களுக்கு எழுதியது. கோழிகளை அடைத்து வைப்பது பற்றி 2017-ல் சட்ட ஆணையம் தன் 269-வது அறிக்கையையே தனியாகக் கொடுத்தது. கூண்டு இன்னும் அப்படியே இருக்கு. அதே 2012-ல் ஐரோப்பிய ஒன்றியம் இந்த வெறும் கம்பிக் கூண்டைத் தடை செய்துவிட்டது. சேவல் குஞ்சுகளைப் பிறந்த அன்றே கொல்வதை 2022 முதல் ஜெர்மனி சட்டம் போட்டு நிறுத்தியிருக்கு. முட்டைக்குள் இருக்கும்போதே ஆணா பெண்ணா என்று கண்டுபிடிக்கும் கருவி வந்துவிட்டது. சேவற்கொடியை ஏற்றாத நாட்டுக்காரன் இவ்வளவு யோசித்திருக்கான்.

நாற்பது நாள் வாழ்க்கை

கறிக்கோழி வேறு கதை. கூண்டு கிடையாது, ஷெட்டில் தரையில்தான் வளரும். ஆனால் மொத்த ஆயுளே ஏறக்குறைய 40 நாள். அதற்குள் இரண்டு கிலோவைத் தாண்டிடும். இதில் சேவலும் உண்டு. ஆனால் கூவும் வயசுக்கு முன்னாடியே லாரி ஏறிடும்.

இங்கே ஒரு வதந்தியைச் சரி செய்யணும், ஏன்னா அது நம்ம குரூப்களில்தான் அதிகம் சுத்துது. "பிராய்லர் கோழிக்கு ஹார்மோன் ஊசி போடுறாங்க" என்பது உண்மை இல்லை. ஆயிரக்கணக்கான கோழிகளைத் தினமும் பிடித்து ஊசி போடுவது நடைமுறையில் முடியாத காரியம், அதற்குத் தேவையும் இல்லை. வளர்ச்சி மொத்தமும் தலைமுறை தலைமுறையாக இனத்தைத் தேர்ந்தெடுத்துப் பெருக்கியதிலும் தீவனத்திலும் இருக்கு. கனடாவின் ஆல்பர்ட்டா பல்கலைக்கழகத்தில் 1957-ம் வருஷத்து ரகத்தையும் 2005-ம் வருஷத்து ரகத்தையும் ஒரே தீவனம் கொடுத்து வளர்த்துப் பார்த்தாங்க. 56-வது நாளில் பழைய ரகம் சுமார் 900 கிராம். புது ரகம் 4,200 கிராம். நாலு மடங்குக்கும் மேல். காலும் இதயமும் அந்த எடைக்கு ஈடு கொடுக்க முடியாமல் திணறுது. வெளியிலிருந்து ஊசி போட்டால்கூட ஒரு நாள் நிறுத்திடலாம். இங்கே கஷ்டத்தை உடம்புக்குள்ளேயே வைத்துப் பிறக்க வைக்கிறோம். எனக்கு ஊசி வதந்தியை விட இந்த உண்மைதான் பயமாக இருக்கு.

கோழிக்கு மட்டும்தானா கூண்டு?

என் சித்தப்பா உடுமலைப் பக்கம் இரண்டு ஷெட் போட்டு ஒப்பந்த முறையில் கறிக்கோழி வளர்க்கிறார். தைப்பூசத்துக்குப் பழனிக்கு நடந்து போறவங்க அந்தப் பக்கத்துச் சாலைகளில் நீளநீளமான ஷெட்களைப் பார்த்திருப்பீங்க. பல்லடம், உடுமலை வட்டாரம்தான் தமிழ்நாட்டில் இந்த ஒப்பந்த முறைக்குத் தாய்வீடு மாதிரி.

கணக்கு இப்படி. குஞ்சு கம்பெனியுடையது, தீவனம் கம்பெனியுடையது, மருந்து கம்பெனியுடையது. ஷெட், கரண்ட், தண்ணீர், தென்னைநார்த் தூள், ராத்திரி பகல் உழைப்பு எல்லாம் விவசாயியுடையது. வளர்த்துக் கொடுத்தால் கிலோவுக்கு இவ்வளவு என்று வளர்ப்புக் கூலி. எவ்வளவு என்பதை முடிவு செய்வது கம்பெனி. ஷெட்டுக்கு வாங்கின கடன் சித்தப்பா பேரில் இருக்கு. வெயில் காலத்தில் ஒரே மதியத்தில் நூற்றுக்கணக்கில் கோழி சுருண்டு விழுந்தால், செத்த கோழிக்குக் கூலி கிடையாது, குழி வெட்டுவதும் அவர்தான். அடுத்த பேட்ச் குஞ்சு எப்போ இறங்கும் என்பதும் அவர் கையில் இல்லை. "தோட்டம் என்னுது, கோழி என்னுது இல்ல. நான் கூலிக்காரனா, முதலாளியா?" என்று ஒருமுறை என்னிடம் கேட்டார். எனக்கு இன்னும் பதில் தெரியலை.

முட்டைப் பண்ணைகளில் ஒடிசா, பீகார், அசாம் போன்ற மாநிலங்களிலிருந்து வந்த குடும்பங்கள் பண்ணைக்குள்ளேயே தங்கி வேலை பார்க்கிறாங்க. கழிவிலிருந்து வரும் அம்மோனியா கண்ணை எரிக்கும். அந்தக் காற்றையும் தூசியையும் வருஷக்கணக்கில் சுவாசித்தால் நுரையீரலுக்குக் கேடு. குழந்தைகளும் அங்கேயேதான் வளருது. சுற்றியிருக்கும் ஊர்களில் ஈத்தொல்லை. எருவை அளவோடு போட்டால் மண்ணுக்கு நல்லது. ஒரே இடத்தில் மலைபோல் குவிந்தால் அதிலிருக்கும் நைட்ரேட் மழைத் தண்ணீரோடு கிணற்றில் இறங்கும்.

அடுத்தது மருந்து. லட்சக்கணக்கான உயிர்களை நெருக்கி வைத்தால் நோய் பரவும், அதனால் நோய் வருவதற்கு முன்பே ஆன்டிபயாடிக். சீக்கிரம் எடை போடவும் ஆன்டிபயாடிக். 2014-ல் டெல்லியின் அறிவியல் மற்றும் சுற்றுச்சூழல் மையம் டெல்லி வட்டாரத்தில் 70 கோழி மாதிரிகளைச் சோதித்தது. 40 சதவீதத்தில் ஆன்டிபயாடிக் எச்சம் இருந்தது. கோலிஸ்டின் என்று ஒரு மருந்து. வேறு எதுவும் கேட்காத நோயாளிக்கு ஐசியூவில் கடைசியாகக் கொடுப்பது. அதையும் கோழி எடை போடுவதற்காகத் தீவனத்தில் கலந்துகொண்டிருந்தாங்க. 2015-ல் சீன விஞ்ஞானிகள் கோலிஸ்டினை எதிர்த்து நிற்கும் ஒரு மரபணு பண்ணை விலங்கிலும் மனிதரிலும் பரவியிருப்பதைக் கண்டுபிடித்தாங்க. இந்திய அரசு 2019 ஜூலையில்தான் உணவுக்கான விலங்குகளுக்குக் கோலிஸ்டினைத் தடை செய்தது. அந்த 2019-ம் ஆண்டில் மட்டும் மருந்துக்குக் கட்டுப்படாத கிருமிகளால் நேரடியாக இறந்தவர்கள் உலக அளவில் சுமார் 12 லட்சத்து 70 ஆயிரம் பேர் என்று ஒரு பெரிய ஆய்வு கணக்கிட்டது. இந்த மரணங்களுக்கெல்லாம் பண்ணை மட்டும் காரணம் இல்லை. மனிதர்கள் நாமும் கண்டபடி மாத்திரை போடுறோம். ஆனால் பண்ணைக்கும் அதில் பங்கு இருக்கு.

"ஏழைக் குழந்தைக்கு முட்டை வேண்டாமா?"

இந்தக் கேள்வியைத் தாண்டிப் போனால் நான் எழுதினது எல்லாம் வெறும் பேச்சு.

1982-ல் எம்.ஜி.ஆர். சத்துணவுத் திட்டத்தை விரிவாகக் கொண்டுவந்தார். பின்னால் கலைஞர் ஆட்சியில் அதில் முட்டை சேர்ந்தது. இருவாரத்துக்கு ஒன்று என்று ஆரம்பித்து, படிப்படியாக வாரம் ஐந்து நாள் என்று ஆச்சு. அந்த முட்டையில் வளர்ந்த பிள்ளைகள் இதைப் படிக்கிறவங்களில் நிறைய பேர் இருப்பீங்க. அது நாமக்கல் மாதிரி பண்ணைகள் இல்லாமல் நடந்திருக்காது. அந்தக் குழந்தையின் தட்டிலிருந்து முட்டையை எடுக்கணும் என்று யாராவது சொன்னால் நான் அவங்க பக்கம் இல்லை. மரக்கறி சாப்பிடுறவன் உசத்தி என்கிற பேச்சுக்கும் நான் வரலை. அந்தப் பேச்சு நம்ம நாட்டில் யாரை அவமானப்படுத்தப் பயன்படுது என்று எல்லாருக்கும் தெரியும்.

ஆனால் ஏழைக் குழந்தையைக் காட்டி நாம ஒளிந்துகொள்ளவும் கூடாது. சத்துணவு முட்டைக்காக மட்டும் இவ்வளவு பண்ணை இல்லை. வாரத்துக்கு மூணு நாள் பக்கெட் பிரியாணி, ராத்திரி பதினொரு மணிக்குக் கிரில் சிக்கன், ஆஃபர் இருக்கு என்று ஆர்டர் பண்ணிப் பாதியைக் குப்பையில் போடுறது, இதெல்லாம் ஏழைக் குழந்தையின் புரதம் இல்லை. நம்ம அப்பா அம்மா காலத்தில் கோழி என்றால் விருந்தாளி வந்தால், நோம்பி வந்தால், உடம்பு சரியில்லாமல் எழுந்தால். இன்றைக்கு எதற்கு என்று யோசிக்காமலே சாப்பிடும் பண்டமாக ஆயிருச்சு.

விலை குறைவு என்கிறோம். உண்மையில் விலை குறையலை, வேறு யாரோ கட்டுறாங்க. கொஞ்சம் கோழி கட்டுது, கொஞ்சம் சித்தப்பா கட்டுறார், கொஞ்சம் ஷெட்டில் வளரும் குழந்தையின் நுரையீரல் கட்டுது, கொஞ்சம் நாளைக்கு மருந்து கேட்காத ஒரு நோயாளி கட்டப்போறார். கடையில் நாம கொடுப்பது மீதி.

பலி கொடுத்த முன்னோர்

"ப்ரோ, கிராமத்துல கிடாவெட்டு, சேவல் பலி எல்லாம் இருந்துச்சே, அது மட்டும் சரியா?" என்று ஒரு தம்பி கேட்டான். நல்ல கேள்வி. திருமுருகாற்றுப்படையிலேயே மலைநாட்டு மக்கள் சேவற்கொடி நட்டு, ஆட்டுக்கிடாயின் குருதி கலந்த அரிசியைப் படைத்து முருகனை அழைக்கும் வழிபாடு வருது. அதை மறைத்துட்டு "நம்ம மரபு முழுக்கச் சைவ உணவுதான்" என்று சொல்வது நேர்மை இல்லை.

ஆனால் வித்தியாசத்தைப் பாருங்க. நேர்ந்துவிட்ட கிடாவும் சேவலும் அந்த வீட்டு வாசலில் வளர்ந்தது. மண்ணைக் கீறியது, கூவியது, வெயிலில் இறக்கையை விரித்துப் படுத்தது. அதை அறுத்தவனுக்கு அதன் நிறம் தெரியும், குணம் தெரியும். ஒரு உயிரை எடுக்கிறோம் என்று தெரிந்து, பயந்து, சாமியின் முன்னால் எடுத்தான். நான் அதை ஆதரித்தோ எதிர்த்தோ இங்கே வாதாட வரலை. அந்தச் சேவலுக்குச் சாவு ஒரு நாள். அதற்கு முன் ஒரு வாழ்க்கை இருந்தது. பண்ணைக் கூண்டில் சாவு மட்டுமா பிரச்சனை? வாழவே விடலை என்பதுதான் பெரிய பிரச்சனை. உயிரை எடுப்பது ஒரு பாவம் என்றால், உயிரோடு வைத்துக்கொண்டு அதன் இயல்பை எடுப்பது இன்னொன்று. இரண்டாவதுக்கு நம்மிடம் பெயர்கூட இல்லை, ஏன்னா நம் முன்னோருக்கு அது தேவைப்படலை.

விரதத்துக்கு இருக்கும் பலம்

"நான் ஒருத்தன் மாறினா என்ன ஆகப்போகுது?" என்று தோணும். வியாபாரப் பக்கச் செய்தியைக் கவனித்திருக்கீங்களா? புரட்டாசி வந்தால், கார்த்திகையில் மாலை போட்டால், முட்டை விலையும் கறிக்கோழி விலையும் இறங்குது. "விரத காலம் என்பதால் நுகர்வு குறைவு" என்று காரணமும் எழுதுவாங்க. பெருமாளுக்காகவும் ஐயப்பனுக்காகவும் நம்ம முருகனுக்காகவும் சாதாரண ஜனங்கள் வாயைக் கட்டுவது நாமக்கல் மண்டி வரைக்கும் தெரியுது. எந்தப் போராட்டமும் இல்லாமல், எந்த மேடையும் இல்லாமல்.

அந்தப் பலத்தைச் சில வாரம் மட்டும் வைத்துக்கொண்டு மற்ற நாளில் கழற்றி வைக்கிறோம். சஷ்டி முடிந்த மறுநாள் கறிக்கடையில் கூட்டம். ஆறு நாள் அடக்கின நாக்கு ஏழாவது நாள் வட்டியோடு கேட்குது. விரதம் மீதி நாளை ஒரு சொட்டும் மாற்றலைன்னா, அது விரதமா, இடைவேளையா?

நான் கடைப்பிடிக்க முயல்கிற சில விஷயங்களைச் சொல்றேன். முடிந்ததை எடுத்துக்குங்க.

திருவிழாவில் சாயக் குஞ்சு வாங்குவதில்லை. கேட்கிற குழந்தைக்கு ஏன் என்று சொல்லிட்டு வேற பொம்மை வாங்கித் தரலாம். வாங்க ஆள் இல்லைன்னா விற்க ஆள் வரமாட்டான்.

கோழியைத் திரும்ப விசேஷத்துக்கான உணவாக்குவது. வாரத்தில் பல நாள் சாப்பிடுறவங்க ஒரு நாளாக்கலாம். மிச்சமாகும் காசில் அந்த ஒரு நாள் தரையில் மேய்ந்த கோழியாக, தெரிந்தவரிடம் வாங்கலாம். சிறுவிடை, பெருவிடை வளர்க்கிறவங்க கிராமத்தில் இன்னும் இருக்காங்க. பெரும்பாலும் பெண்கள். அந்தக் காசு நேராக அவங்க முந்தானையில் முடிஞ்சுக்கும்.

முட்டை பழுப்பு நிறமாக இருந்தால் நாட்டுக்கோழி முட்டை என்று நம்பாதீங்க. பழுப்பு முட்டையிடும் பண்ணை ரகமும் உண்டு, அதுவும் கூண்டில்தான் இருக்கலாம். நிறத்தைப் பார்க்காமல், "கோழி வெளியே மேயுதா?" என்று கடைக்காரரிடம் கேளுங்க. பத்துப் பேர் கேட்டால் அவரும் பண்ணைக்காரரிடம் கேட்பார்.

சாப்பாட்டை வீணாக்காதீங்க. அந்த உயிர் பட்ட பாட்டுக்கு அப்புறம் பாதிப் பிளேட்டைத் தள்ளிவிட்டு எழுவதுக்கு எந்தச் சமாதானமும் இல்லை.

கேள்வியை அரசாங்கத்திடமும் வைக்கணும். 1960-லேயே எழுதிய சட்டம் கூண்டுக்கு ஏன் பொருந்தலை? ஒப்பந்த விவசாயிக்குக் கூலி நிர்ணயத்தில் ஏன் குரல் இல்லை? கூண்டிலிருந்து வெளியே வர விரும்பும் பண்ணைக்காரருக்குக் கடனும் மானியமும் ஏன் கொடுக்கக் கூடாது? அதனால் சத்துணவு முட்டைக்குக் கூடும் செலவை அந்தக் குழந்தை தலையில் வைக்காமல் நாம எல்லாரும் வரியில் பகிர்ந்துகொள்ளலாமே.

இதெல்லாம் செய்தால் எல்லாக் கூண்டும் திறந்துடும் என்று நான் சொல்லலை. பண்ணையில் வேலை பார்க்கும் லட்சக்கணக்கான பேருக்கு அதுதான் சோறு, ஒரே நாளில் மூடச் சொல்லவும் முடியாது. சித்தப்பாவின் கடன் இன்னும் முடியலை. ஆனால் பார்த்த பிறகு பார்க்காத மாதிரி இருக்க முடியாது. அதுதான் பக்திக்கும் பழக்கத்துக்கும் உள்ள வித்தியாசம் என்று நினைக்கிறேன்.

வருகிற கிருத்திகை அன்று கோயிலுக்குப் போனால், வேலைப் பார்த்து, மயிலைப் பார்த்து, அப்படியே ஒரு நிமிஷம் அந்தக் கொடியையும் பாருங்க. "இதுக்கு நீ இடம் கொடுத்த, முருகா. நாங்க எவ்வளவு கொடுக்கணும்?" என்று கேளுங்க. பதில் உங்க தட்டில், உங்க பையில், உங்க ஓட்டில் எங்காவது ஒரு இடத்தில் இருக்கும்.

சேவற்கொடியோன் துணை. முருகா சரணம்.